முடியாத எண்ணைத் துரத்திய துறைமுகக் குமாஸ்தா
கணித மேதை ராமானுஜன் வாழ்க்கை

திருச்செந்தூருக்கு அருகே, கடலோரத்தில் உள்ள ஊர் ஆறுமுகநேரி. உப்பளங்களுக்குப் பேர் போன ஊர்.

அங்கே அளத்தில் வாரிய உப்பைக் கரையில் அம்பாரமாகக் குவிப்பார்கள். ஒரு குவியலின் அடிப்பாகம் சரியான வட்டமாக இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஓர் ஓரத்தில் இருந்து நடு வழியாக எதிர் ஓரம் வரை 7 அடி. அந்தக் குவியலைச் சுற்றி ஒரு கயிறு கட்ட வேண்டும். எத்தனை அடிக் கயிறு தேவை?

22 அடி என்று பள்ளிக்கூடப் பிள்ளை உடனே சொல்லிவிடும்.

அந்த விடை வேலைக்குப் போதும். ஆனால் முற்றிலும் சரியான விடை அல்ல! 22 அடிக் கயிற்றை இழுத்துச் சுற்றினால், ஓர் அங்குலத்தில் பத்தில் ஒரு பங்கு மிஞ்சும்.

உப்பு வியாபாரிக்கு அது ஒரு பொருட்டு அல்ல. ஆனால் மிஞ்சிய அந்தத் துளிக் கயிறு, இரண்டாயிரம் ஆண்டுகளாக உலகத்து அறிஞர்களின் தூக்கத்தைக் கெடுத்து வந்திருக்கிறது.

அந்த அறிஞர்களில் ஒருவர் தமிழ்நாட்டுக்காரர். சென்னைத் துறைமுகத்தில் ரூ.30 சம்பளத்துக்குக் குமாஸ்தா வேலை பார்த்தவர். அவர்தான் ராமானுஜன்.

வட்டத்தின் ரகசியம்

மோதிரம், வண்டிச் சக்கரம், கிணற்றின் வாய், முழு நிலா எல்லாம் வட்டம். எந்த வட்டத்தை எடுத்துக்கொண்டாலும் சரி, அதன் சுற்றளவை விட்டத்தால் வகுத்தால் ஒரே எண்தான் வரும். அந்த எண்ணுக்குப் பெயர் ‘பை’.

அது 3-க்குக் கொஞ்சம் அதிகம். 3.14159265358979 என்று தொடங்கி, புள்ளிக்குப் பிறகு இலக்கங்கள் வந்துகொண்டே இருக்கும். அவை முடிவதில்லை. வந்த வரிசையே திரும்பத் திரும்ப வருவதும் இல்லை.

ஏன் திரும்பி வருவதில்லை? எங்கேயோ கோடி கோடி இலக்கங்களுக்கு அப்பால் திரும்பி வரலாமே! அப்படி வராது என்று எவரால் உறுதி கூற முடியும்?

இந்தக் கேள்விக்கு விடை உண்டு. ராமானுஜனின் வாழ்க்கைக் கதையோடு அதையும் தெரிந்துகொள்ளலாம்.

ஏழைக் குடும்பம்

ராமானுஜன் 1887-ம் ஆண்டு டிசம்பர் மாதம் 22-ந் தேதி ஈரோட்டில், தாய்வழிப் பாட்டனார் வீட்டில் பிறந்தார். வளர்ந்தது கும்பகோணத்தில், சாரங்கபாணி சன்னதித் தெருவில்.

தகப்பனார் சீனிவாச அய்யங்கார் ஜவுளிக்கடைக் கணக்குப்பிள்ளை. சொற்பச் சம்பளம். தாயார் கோமளத்தம்மாள் கோவிலில் பஜனைப் பாட்டுப் பாடுவார். வீட்டில் வறுமை குடியிருந்தது.

இரண்டாவது வயதில் ராமானுஜனுக்கு அம்மை போட்டது. பிழைத்துக்கொண்டார். முகத்தில் தழும்புகள் மட்டும் நிலைத்துவிட்டன.

1897-ம் ஆண்டு ஆரம்பப் பள்ளிப் பரீட்சையில் தஞ்சை ஜில்லாவிலேயே முதலாவதாகத் தேறினார். மறு ஆண்டு கும்பகோணம் நகர உயர்நிலைப் பள்ளியில் சேர்ந்தார்.

குடும்பச் செலவைச் சமாளிக்க, கல்லூரி மாணவர்களுக்கு வீட்டில் இடம் கொடுத்திருந்தார்கள். அந்த மாணவர்களுடைய கணக்குப் புத்தகங்களை எல்லாம் சிறுவன் ராமானுஜன் வாங்கிப் படித்தார். லோனி என்ற ஆங்கிலேயர் எழுதிய திரிகோணமிதி நூலைப் பதின்மூன்று வயதுக்குள் கரைத்துக் குடித்துவிட்டார்.

இரவல் புத்தகம்

1903-ம் ஆண்டில் இன்னொரு புத்தகம் இரவலாகக் கிடைத்தது. கார் என்பவர் தொகுத்தது. அதில் ஏறத்தாழ ஐயாயிரம் கணித முடிவுகள் வரிசையாக இருந்தன. முடிவுகள்தான் இருந்தன, அவை எப்படி வந்தன என்ற விளக்கம் மிகவும் குறைவு.

மற்ற மாணவன் என்றால் மூடி வைத்திருப்பான். ராமானுஜனோ ஒவ்வொன்றையும் தாமே போட்டுப் பார்த்தார். பிறகு அந்தப் புத்தகத்தில் இல்லாத புதிய முடிவுகளையும் கண்டுபிடிக்கத் தொடங்கினார்.

காகிதம் வாங்கக் காசு இல்லை. திண்ணையில் உட்கார்ந்து சிலேட்டில் எழுதுவார். துணியைத் தேட நேரம் இல்லாமல் முழங்கையால் அழிப்பார். கடைசி முடிவை மட்டும் நோட்டுப் புத்தகத்தில் குறித்துக்கொள்வார். இதனால் முழங்கை கறுத்துப் போயிற்று.

இந்தப் பழக்கம் அவருக்குப் பெருமையையும் தந்தது. பின்னால் தொல்லையையும் தந்தது. விடை நோட்டில் இருந்தது. வழி சிலேட்டோடு அழிந்து போயிற்று.

பரீட்சையில் தோல்வி

1904-ம் ஆண்டில் உயர்நிலைப் பள்ளியில் கணிதப் பரிசு வாங்கினார். கும்பகோணம் அரசாங்கக் கல்லூரியில் உபகாரச் சம்பளத்துடன் இடமும் கிடைத்தது.

ஆனால் கணக்கைத் தவிர மற்றப் பாடங்களை அவர் ஏறெடுத்தும் பார்க்கவில்லை. ஆங்கிலத்தில் தவறினார். உபகாரச் சம்பளம் நின்றது.

மனம் உடைந்த ராமானுஜன் 1905-ம் ஆண்டில் வீட்டை விட்டு விசாகப்பட்டினத்துக்குப் போய்விட்டார். மகனைக் காணோம் என்று பெற்றோர் பத்திரிகையில் விளம்பரம் செய்தார்கள்.

பிறகு சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் படித்தார். அங்கும் அதே கதை. 1906-லும் 1907-லும் எப்.ஏ. பரீட்சையில் தோல்வி.

பட்டம் இல்லை. வேலை இல்லை. 1909-ம் ஆண்டு ஜூலை மாதம் சிறுமி ஜானகியோடு திருமணமும் ஆகிவிட்டது. கையில் இருந்த சொத்து சில நோட்டுப் புத்தகங்கள்தான்.

7-ஆல் வகுத்துப் பாருங்கள்

அந்த நோட்டுகளில் ‘பை’யைப் பற்றியும் பக்கம் பக்கமாக எழுதியிருந்தார். அதன் பெருமை விளங்க வேண்டுமானால், முதலில் ஒரு சிறிய வகுத்தல் கணக்கைப் போட வேண்டும். ஆறுமுகநேரிப் பள்ளிப் பிள்ளையும் சிலேட்டில் போடக்கூடிய கணக்குத்தான்.

22-ஐ 7-ஆல் வகுங்கள். ஈவு 3. மீதி 1.

மீதியோடு ஒரு சைபரைச் சேருங்கள். 10 ஆயிற்று. 7-ஆல் வகுத்தால் ஈவு 1, மீதி 3. மறுபடியும் சைபர் சேர்த்தால் 30. ஈவு 4, மீதி 2. அடுத்து 20. ஈவு 2, மீதி 6. அடுத்து 60. ஈவு 8, மீதி 4. அடுத்து 40. ஈவு 5, மீதி 5. அடுத்து 50. ஈவு 7, மீதி 1.

பழைய மீதி 1 திரும்பி வந்துவிட்டது! இனிமேல் புதிதாக எதுவும் நடக்க வழி இல்லை. நடந்ததே மறுபடியும் நடக்கும். ஆகவே விடை 3.142857142857 என்று, 142857 என்னும் ஆறு இலக்கங்களையே பாடிக்கொண்டிருக்கும்.

இது தற்செயல் அல்ல. 7-ஆல் வகுக்கும்போது மீதியாக வரக்கூடியவை 1, 2, 3, 4, 5, 6 என்ற ஆறு எண்களே. ஆறு நாற்காலிகள் உள்ள வீட்டுக்கு ஏழாவது விருந்தாளி வந்தால், யாராவது உட்கார்ந்திருந்த நாற்காலியில்தானே அவர் உட்கார வேண்டும்? அதுபோல, ஏழாவது தடவைக்குள் பழைய மீதி வந்தே தீரும். மீதி சைபர் ஆகிவிட்டாலோ கணக்கு அதோடு முடிந்துவிடும்.

எந்தப் பின்னத்துக்கும் இதே விதிதான். சீனத்தில் பழங்காலத்தில் கண்ட பின்னம் ஒன்று உண்டு. 355-ஐ 113-ஆல் வகுப்பது. ‘பை’யின் முதல் ஆறு தசம இலக்கங்களும் அதில் சரியாக வரும். ஆனால் 112 இலக்கங்கள் ஆனதும் அதுவும் பழைய வரிசைக்கே திரும்பிவிடும்.

திருப்பிப் போட்டாலும் உண்மை

சரி, இலக்கங்கள் திரும்பத் திரும்ப வந்தால் அந்த எண் கட்டாயம் பின்னமாகத்தான் இருக்க வேண்டுமா? ஆம்.

0.272727 என்று முடிவில்லாமல் போகும் எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். அதை நூறால் பெருக்கினால் 27.272727 என்று போகும். இதில் இருந்து முதல் எண்ணைக் கழியுங்கள். புள்ளிக்குப் பின்னால் உள்ள வால் முழுவதும் அடிபட்டுப் போகும். மிச்சம் 27. நூறு பங்கில் ஒரு பங்கு போனால் 99 பங்கு. ஆகவே 99 பங்கு சேர்ந்தது 27. ஒரு பங்கு, 99-ல் 27. சுருக்கினால் 11-ல் 3. பின்னம் கிடைத்துவிட்டது!

திரும்பும் வரிசை எவ்வளவு நீளமாக இருந்தாலும், எவ்வளவு தாமதமாகத் தொடங்கினாலும் இதே தந்திரம் பலிக்கும்.

ஆகவே கேள்வி இப்போது சிறியதாகிவிட்டது. ‘பை’யின் இலக்கங்கள் ஏன் திரும்புவதில்லை என்று கேட்பதும், ‘பை’ ஏன் பின்னமாக இல்லை என்று கேட்பதும் ஒன்றே.

உப்புக் குவியலுக்கே வாருங்கள். ‘பை’ பின்னமாக இருந்தால், ஏதோ ஒரு சிறு குச்சியால் விட்டத்தையும் சுற்றளவையும் மீதி இல்லாமல் அளந்துவிடலாம். பின்னமாக இல்லை என்றால், தூசியிலும் தூசியான குச்சியை எடுத்தாலும் இரண்டும் ஒருசேர அளவுக்குள் அடங்காது. விட்டத்துக்குச் சரியானால் சுற்றளவில் துண்டு விழும்.

தையற்காரர் மகன்

இதை முதலில் நிரூபித்தவர் லாம்பெர்ட் என்ற அறிஞர். 1728-ம் ஆண்டில், இன்று பிரான்சில் உள்ள முல்ஹவுஸ் நகரில் பிறந்தார். தகப்பனார் தையற்காரர். வறுமை காரணமாகப் பன்னிரண்டு வயதில் படிப்பை நிறுத்திவிட்டுத் தகப்பனாருக்கு உதவியாகத் துணி தைத்தார். இரவில் தாமாகப் படித்தே பேரறிஞர் ஆனார். அவர் நிரூபணம் கண்டது 1761-ம் ஆண்டில்.

ஒரு அடி ஆரம் உள்ள வட்டம் வரையுங்கள். மையத்தில் இருந்து தரைமட்டமாக ஒரு கோடு. மேல் நோக்கிச் சாய்வாக இன்னொரு கோடு. இரண்டுக்கும் நடுவில் அகப்படும் வட்டத் துண்டு ஒரு வில். சாய்ந்த கோடு எவ்வளவு உயரம் ஏறுகிறது என்பதை, தரையில் எவ்வளவு தூரம் போகிறது என்பதால் வகுத்தால் கிடைப்பது ஏற்றம்.

லாம்பெர்ட் வில்லின் நீளத்தில் இருந்து ஏற்றத்தைக் கண்டுபிடிக்க ஒரு தொடர் பின்னம் அமைத்தார். பின்னத்தின் அடியில் ஒரு பின்னம், அதன் அடியில் இன்னொரு பின்னம் என்று கோவில் குளத்துப் படிகளைப்போல அது கீழே இறங்கிக்கொண்டே போகும். படிக்கு ஒன்றாக 1, 3, 5, 7, 9 என்ற ஒற்றை எண்கள் நிற்கும்.

வில்லும் பின்னம், ஏற்றமும் பின்னம் என்று ஒருவர் சாதித்தால் என்ன ஆகும்? லாம்பெர்ட் அந்தப் படிகளில் இறங்கிப் பார்த்தார். ஒவ்வொரு படியிலும் ஒரு முழு எண் கிடைக்கிறது. ஒரு கட்டத்துக்குப் பிறகு, அடுத்த படியில் உள்ள எண் முன்படியில் உள்ளதைவிடச் சிறியது. ஆனால் ஒருபோதும் சைபர் ஆவதில்லை. படிகளுக்கோ முடிவே இல்லை!

இது நடக்குமா? ஆயிரம் ரூபாய் வைத்திருப்பவர் தினமும் முழு ரூபாயாகச் செலவு செய்தால், ஆயிரம் நாளைக்கு மேல் தாங்காது. கையில் உள்ள பணம் என்றென்றும் குறைந்துகொண்டே போக வேண்டும், ஆனால் தீரவே கூடாது என்றால் முடியாத காரியம். ஆகவே சாதித்தவர் பேச்சு பொய்யாயிற்று. வில் பின்னமானால் ஏற்றம் பின்னமாக இருக்க முடியாது.

இப்போது சாய்ந்த கோட்டைச் செங்கோணத்தில் சரிபாதிக்கு நிறுத்துங்கள். ஏறும் உயரமும் போகும் தூரமும் சமம். ஏற்றம் சரியாக 1. அது நல்ல முழு எண். ஆகவே வில் பின்னமாக இருக்க முடியாது. அந்த வில் முழு வட்டத்தில் எட்டில் ஒரு பங்கு. அதன் நீளம் ‘பை’யில் கால் பங்கு. கால் பங்கு பின்னம் இல்லை என்றால் முழுப் ‘பை’யும் பின்னம் இல்லை!

பின்னம் இல்லை என்றால், இலக்கங்கள் ஒருநாளும் திரும்பப் போவதில்லை. ஒரு இலக்கத்தைக்கூட எண்ணிப் பார்க்காமல் லாம்பெர்ட் இதை முடித்துவிட்டார்.

ஒழுங்கு இல்லாத எண்ணா?

இலக்கங்கள் திரும்பவில்லை என்பதால் ‘பை’ ஒழுங்கு கெட்ட எண் என்று நினைத்துவிடக் கூடாது.

14-ம் நூற்றாண்டில் கேரளத்தில் வாழ்ந்த சங்கமகிராமத்து மாதவன் என்ற மேதை ஓர் அழகான வழியைக் கண்டார். 1-ல் இருந்து மூன்றில் ஒன்றைக் கழி, ஐந்தில் ஒன்றைக் கூட்டு, ஏழில் ஒன்றைக் கழி என்று ஒற்றை எண்களாகவே போய்க்கொண்டிருந்தால், ‘பை’யின் கால் பங்கு கிடைக்கும். ஐரோப்பியர்கள் இதைக் கண்டுபிடித்தது மிகவும் பிந்தித்தான்.

ஆக, ஒழுங்கு உண்டு. அது இலக்கங்களின் மேற்பரப்பில் தெரிவதில்லை, ஆழத்தில் கிடக்கிறது. முத்தும் அப்படித்தானே!

ஆனால் மாதவன் வழியில் ஒரு சிரமம். ஆயிரம் தடவை கூட்டிக் கழித்தாலும், புள்ளிக்குப் பின் முதல் இரண்டு இலக்கங்களே நிலைக்கும். முடியாத எண்ணைத் துரத்த வேகமான குதிரை தேவைப்பட்டது. அந்தக் குதிரையைக் கொண்டுவந்தவர் ராமானுஜன்.

துறைமுக வேலை

1910-ம் ஆண்டில் ராமானுஜன் நோட்டுகளைச் சுமந்துகொண்டு திருக்கோவிலூருக்குப் போனார். அங்கே டிப்டி கலெக்டராக இருந்த ராமசாமி அய்யர், இந்தியக் கணிதச் சங்கத்தை நிறுவியவர். தாலுகா ஆபீசில் ஒரு குமாஸ்தா வேலை கிடைத்தால் போதும் என்று ராமானுஜன் கேட்டார். நோட்டுகளைப் புரட்டிய அய்யருக்கு, இந்த அறிவைத் தாலுகா ஆபீசில் புதைக்க மனம் வரவில்லை. சென்னைக்குச் சிபாரிசு கொடுத்து அனுப்பினார்.

நெல்லூர் கலெக்டர் ராமச்சந்திர ராவ் சில காலம் மாதம் ரூ.25 கொடுத்து ஆதரித்தார். 1911-ம் ஆண்டில் கணிதச் சங்கப் பத்திரிகையில் ராமானுஜனின் முதல் கட்டுரை வெளிவந்தது.

1912-ம் ஆண்டு மார்ச் மாதம் 1-ந் தேதி சென்னைத் துறைமுகக் கணக்குப் பிரிவில் குமாஸ்தாவாகச் சேர்ந்தார். சம்பளம் ரூ.30. தாயாரும் மனைவியும் உடன் இருந்தார்கள். துறைமுகத்தில் பார்சல் கட்ட வரும் காகிதத்தைப் பொறுக்கிக் கணக்குப் போடுவார். எழுதிய காகிதத்தின் மேலேயே சிவப்பு மையால் மறுபடியும் எழுதுவார்.

மேலதிகாரி நாராயண அய்யரும் கணிதம் அறிந்தவர். இரவு நேரத்தில் இருவரும் ஆளுக்கு ஒரு சிலேட்டோடு உட்கார்ந்து கணக்குப் போடுவார்கள். துறைமுகத் தலைவர் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கும் ஆதரவு காட்டினார்.

1913-ம் ஆண்டில், வட்டத்துக்குச் சமமான பரப்புள்ள சதுரத்தை வரைவது பற்றி ராமானுஜன் ஒரு குறிப்பு வெளியிட்டார். அளவுகோலும் கவராயமும் மட்டும் கொண்டு இதைத் துல்லியமாகச் செய்யவே முடியாது என்று 1882-ம் ஆண்டிலேயே லிண்டமான் என்ற ஜெர்மன் அறிஞர் நிரூபித்துவிட்டார். ஆகவே ராமானுஜன் காட்டியது ஏறத்தாழச் சரியான வழி. அந்த 355-க்கு 113 என்ற பின்னமே அதற்கு அடிப்படை. எவ்வளவு சரி தெரியுமா? 1,40,000 சதுர மைல் வட்டம், அதாவது தமிழ்நாட்டைப்போல் இரண்டே முக்கால் மடங்கு பெரிய வட்டம் வரைந்தாலும், சதுரத்தின் பக்கத்தில் பிழை ஏறத்தாழ ஒரு அங்குலம்தான்!

கடல் கடந்த கடிதம்

1913-ம் ஆண்டு ஜனவரி 16-ந் தேதி, இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் டிரினிடி கல்லூரியில் இருந்த ஹார்டி என்ற கணித அறிஞருக்கு ராமானுஜன் ஒரு கடிதம் எழுதினார். தாம் ஓர் ஏழைக் குமாஸ்தா என்பதைச் சொல்லி, தம் கண்டுபிடிப்புகளைப் பல பக்கங்களில் எழுதி அனுப்பினார். அதற்கு முன் வேறு ஆங்கில அறிஞர்களுக்கு எழுதியும் பயன் கிட்டவில்லை.

ஹார்டி முதலில் யாரோ பித்தலாட்டக்காரர் என்றே சந்தேகித்தார். மாலையில் நண்பர் லிட்டில்வுட்டோடு உட்கார்ந்து நிதானமாகப் பார்த்தார். சில கணக்குகள் ஏற்கெனவே தெரிந்தவை. சில கடினமானவை. ஆனால் சில தொடர் பின்னங்கள் அவரைத் திகைக்க வைத்தன. அப்படிப்பட்டவற்றை அவர் அதற்கு முன் கண்டதே இல்லை.

தையற்காரர் மகன் லாம்பெர்ட் எந்தக் கருவியால் ‘பை’யின் ரகசியத்தைத் திறந்தாரோ, அதே தொடர் பின்னம் ஜவுளிக்கடைக் கணக்குப்பிள்ளை மகனுக்கு உலகத்தின் கதவைத் திறந்துவிட்டது!

ஹார்டி பாராட்டிப் பதில் எழுதினார். ஆனால் ஒன்று கேட்டார். முடிவுகள் மட்டும் போதாது, நிரூபணம் வேண்டும் என்று கேட்டார்.

நிரூபணம் எதற்கு?

ராமானுஜனுக்குப் பல உண்மைகள் பளிச்சென்று தெரிந்தன. நாமக்கல் நாமகிரித் தாயார் கனவில் வந்து அருளியவை என்று அவர் நம்பினார். கண்ணுக்குத் தெரிந்ததற்குச் சாட்சி எதற்கு என்பது அவருடைய மனப்போக்கு.

ஆனால் கணிதத்தில் சாட்சி தேவை. ‘பை’யே அதற்குச் சான்று. ஒருவர் நூறு இலக்கங்கள் எழுதிப் பார்த்துத் திரும்பவில்லை என்று கூறலாம். ஆயிரமாவது இலக்கத்துக்கு மேல் திரும்பலாமே! லட்சம் எழுதினால், கோடிக்கு அப்பால் திரும்பலாமே! எத்தனை எண்ணினாலும் சந்தேகம் தீராது. நிரூபணம் ஒன்றுதான் சந்தேகத்தைத் தீர்க்கும்.

ராமானுஜனும் சில இடங்களில் சறுக்கினார். பகா எண்களைப் பற்றி அவர் எழுதி அனுப்பிய சில முடிவுகள் தவறாகப் போயின. அந்த மேதைக்கே அப்படி என்றால், மற்றவர்கள் எம்மாத்திரம்!

சீமைப் பயணம்

1913-ம் ஆண்டு மே மாதம் சென்னை சர்வகலாசாலை ராமானுஜனுக்கு மாதம் ரூ.75 உபகாரச் சம்பளம் அளித்தது. பட்டம் இல்லாதவருக்கு இது பெரிய கௌரவம். மேல்படிப்புக்காக இங்கிலாந்துக்கு வரும்படி ஹார்டி அழைத்தார். கடல் தாண்டினால் ஆசாரம் கெடும் என்று குடும்பத்தில் எதிர்ப்பு. கடைசியில் தாயார் சம்மதித்தார்.

1914-ம் ஆண்டு மார்ச் 17-ந் தேதி ‘நெவாசா’ கப்பலில் புறப்பட்டார். குடுமியை எடுத்தாயிற்று. கோட்டும் பூட்சும் அணிந்தாயிற்று. தம் உபகாரத் தொகையில் இருந்து மாதம் ரூ.60 பெற்றோருக்குப் போய்ச் சேர ஏற்பாடு செய்துவிட்டே கப்பல் ஏறினார்.

அதே ஆண்டில் ‘பை’யைப் பற்றிய அவருடைய பெரிய கட்டுரை இங்கிலாந்தில் வெளிவந்தது. அதில் பெரும் பகுதி, சிலேட்டும் திண்ணையுமாக இருந்த நாளில் கண்டுபிடித்தவை. ‘பை’யைக் கணக்கிட 17 புதிய தொடர்களை அதில் கொடுத்திருந்தார்.

அவற்றில் ஒன்று உலகப் புகழ் பெற்றது. அதன் முதல் உறுப்பை மட்டும் எடுத்துக்கொண்டாலே 3.141592 வரை சரியாக வந்துவிடும். அதற்குப் பிறகு ஒவ்வொரு உறுப்பைச் சேர்க்கும்போதும் சுமார் எட்டு எட்டு இலக்கங்கள் புதிதாகச் சரியாகும். ஆயிரம் அடி நடந்தும் இரண்டு இலக்கம் கிடைத்த வழி எங்கே, ஒரே எட்டில் எட்டு இலக்கம் கிடைக்கும் வழி எங்கே!

ஆனால் அந்தத் தொடருக்கும் முழு நிரூபணம் அவர் கொடுக்கவில்லை.

புகழும் நோயும்

கேம்பிரிட்ஜில் ஹார்டி அவருக்குப் புதிய கணித முறைகளைக் கற்றுக் கொடுத்தார். ஆனால் அவருடைய ஊற்று வற்றிவிடாதபடி பக்குவமாகவே கற்றுக் கொடுத்தார். இருவரும் சேர்ந்து பல கட்டுரைகள் எழுதினார்கள். 1916-ம் ஆண்டில் ஆராய்ச்சிக்காக ராமானுஜனுக்குக் கேம்பிரிட்ஜ் பட்டம் கிடைத்தது. எப்.ஏ.யில் இரண்டு தடவை தவறியவருக்கு!

அப்போது முதல் உலக யுத்தம் நடந்தது. ராமானுஜன் சுத்த சைவர். தாமே சமைத்துச் சாப்பிடுவார். யுத்த காலத்தில் அவருக்கு ஏற்ற காய்கறிகள் கிடைப்பது கடினமாயிற்று. குளிரும் வாட்டியது. 1917-ம் ஆண்டில் படுத்த படுக்கையானார்.

1918-ம் ஆண்டில் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராகத் தேர்ந்தெடுத்தது. அதே ஆண்டு டிரினிடி கல்லூரியும் அவரைத் தன் சபையில் சேர்த்துக்கொண்டது. அந்தச் சபையில் இடம் பெற்ற முதல் இந்தியர் அவர்தான்.

1919-ம் ஆண்டு மார்ச் மாதம் தாயகம் திரும்பினார். உடல் எலும்பும் தோலுமாக இருந்தது. அந்நாளில் டாக்டர்கள் அதைக் காசநோய் என்று கருதினார்கள். அமீபா கிருமியால் ஈரலில் உண்டான நோயாக இருக்கலாம் என்பது பிற்காலத்தில் ஆராய்ந்த மருத்துவர் ஒருவரின் கருத்து.

படுக்கையில் கிடந்தபடியே சிலேட்டும் காகிதமும் கேட்பார். ஜானகி அம்மாள் வேளாவேளைக்கு ஒத்தடம் கொடுத்து, எழுதிய தாள்களைப் பத்திரப்படுத்துவார்.

1920-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் 26-ந் தேதி சென்னைச் சேத்துப்பட்டில் ராமானுஜன் காலமானார். அப்போது அவருக்கு வயது 32.

மறைந்த பிறகு வந்த நிரூபணம்

ஜானகி அம்மாள் பிற்காலத்தில் சென்னைத் திருவல்லிக்கேணியில் துணி தைத்துப் பிழைத்தார். கணவரின் பெருமை உலகெங்கும் பரவுவதைக் கண்டபின், 1994-ம் ஆண்டில் காலமானார்.

ராமானுஜன் கடைசி நாட்களில் எழுதிய தாள்கள் டிரினிடி கல்லூரி நூலகத்தில் கிடந்தன. 1976-ம் ஆண்டில் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்க அறிஞர் அவற்றைக் கண்டெடுத்தார்.

1985-ம் ஆண்டில் காஸ்பர் என்ற அமெரிக்கர், ராமானுஜனின் ‘பை’ தொடரைக் கம்ப்யூட்டரில் ஓட்டி 1 கோடியே 75 லட்சத்துக்கும் அதிகமான இலக்கங்களைக் கணக்கிட்டார். அது வரை அந்தத் தொடருக்கு முழு நிரூபணம் இல்லை! 1987-ம் ஆண்டில் போர்வைன் சகோதரர்கள் அதை நிரூபித்தார்கள். எழுபது ஆண்டுகளுக்கு மேல் சாட்சி இல்லாமல் நின்ற உண்மைக்குச் சாட்சி கிடைத்தது.

ராமானுஜன் வழியைப் பின்பற்றிச் சுத்னோவ்ஸ்கி சகோதரர்கள் இன்னும் வேகமான தொடரை அமைத்தார்கள். அதைக்கொண்டு 2022-ம் ஆண்டில் 100 லட்சம் கோடி இலக்கங்களும், 2024-ம் ஆண்டில் 202 லட்சம் கோடி இலக்கங்களும் கணக்கிடப்பட்டன.

அத்தனை இலக்கங்களிலும் வரிசை திரும்பவில்லை. ஆனால் அது திரும்பாது என்பதற்கு ஆதாரம் அந்த எந்திரங்கள் அல்ல. தையற்காரர் மகன் லாம்பெர்ட் இறங்கிப் பார்த்த படிக்கட்டுதான்.

ராமானுஜன் பிறந்த டிசம்பர் 22-ந் தேதி, 2012-ம் ஆண்டு முதல் தேசியக் கணித தினமாகக் கொண்டாடப்பட்டு வருகிறது.

அன்றைய தினம் பிள்ளைகள் ஒரு சோதனை செய்து பார்க்கலாம். ஒரு தட்டையோ, டப்பா மூடியையோ எடுத்து அதைச் சுற்றி நூல் கட்டலாம். விட்டத்தையும் அளந்து, வகுத்துப் பார்க்கலாம். 3-க்குக் கொஞ்சம் அதிகமாக வரும். அந்தக் கொஞ்சம் எவ்வளவு என்பதைத்தான், கும்பகோணத்துத் திண்ணையில் உட்கார்ந்து, முழங்கை கறுக்கக் கறுக்க ஒரு பையன் எழுதி எழுதி அழித்துக்கொண்டிருந்தான்.